பேரும் பயரும்

என்னைக் கட்டியவருக்கு இரண்டு துப்பாக்கிகளைப் பற்றி மட்டும்தான் பேசத் தெரியும். மற்றதற்கெல்லாம் 'ம்' என்பார். அரிசி தீர்ந்துவிட்டது என்றால் 'ம்'. அடுப்பு நனைந்துவிட்டது என்றால் 'ம்'. ஆனால் எவனாவது ஒருவன், சும்மா ஒரு பேச்சுக்கு, பட்டாளத்தில் என்ன வேலை பார்த்தீர்கள் என்று கேட்டுவிட்டால் போச்சு. மலைத் தண்ணீர் விழுகிற பீலியடியில் குளிக்க வந்தவன் தலையில் சோப்பு காய்ந்து போகிறவரை விடமாட்டார். எனக்கு எரிச்சலாக வரும். குடத்தை 'ணங்'கென்று வைத்துவிட்டு வந்துவிடுவேன்.

உலகச் சண்டைக் காலத்தில் திருச்சிப் பக்கம் சொந்தக்காரர்களைப் பார்க்கப் போனவர், அங்கேயே பட்டாளத்தில் சேர்ந்து பர்மா எல்லைவரை போய் வந்தவர். சண்டை முடிந்ததும் திரும்பவும் எங்கள் தோட்டத்துக்கே வந்து கவ்வாத்துக் கத்தியைப் பிடித்தார். அட்டனிலிருந்து நல்லதண்ணிக்குப் போகிற பாதையில் இருக்கிறது அந்தத் தோட்டம். கவ்வாத்து என்றால், வளர்ந்த தேயிலைச் செடியை முழங்கால் உயரத்துக்கு வெட்டித் தள்ளுவது. வெட்டி முடித்த மலையைப் பார்த்தால் வெறும் குச்சிதான் நிற்கும். அது ஆண்கள் வேலை. கொழுந்து எடுப்பது எங்கள் வேலை. அவர் துப்பாக்கியை விளக்குவதற்கு இந்த இரண்டு வேலையையும்தான் எடுத்துக்கொள்வார்.

"ரெண்டுக்கும் ஒரே தோட்டாதான். ரைபிளுக்குள்ள போறதும் அதுதான், பிரென் துப்பாக்கிக்குள்ள போறதும் அதுதான். சாப்பாடு ஒண்ணு, வயிறு வேற" என்று ஆரம்பிப்பார்.

மண்வெட்டிப் பிடி ஒன்றைத் தோளில் வைத்துக்கொண்டால் அது ரைபிள். ஒரு ஆள் தூக்கலாம், ஒரு ஆள் சுடலாம். ஒரு தடவை வெடித்தால் பக்கத்தில் இருக்கிற குமிழைத் தூக்கி, பின்னால் இழுத்து, முன்னால் தள்ளி, மடக்க வேண்டும். அப்புறம்தான் அடுத்த வெடி. வாயாலேயே அந்தச் சத்தத்தைப் போடுவார்: க்ளிக், க்ளக். எங்கள் லயத்து வரிசை வீடுகளில் உள்ள பிள்ளைகள் அதைக் கேட்பதற்காகவே அவரைச் சுற்றி வரும்.

பிரென் அப்படி இல்லையாம். இரண்டு ரைபிளைச் சேர்த்துக் கட்டினாலும் அதன் கனம் வராதாம். முன்னால் இரண்டு கால் இருக்கும். அதை ஊன்றிவிட்டு ஆள் பின்னால் படுத்துக்கொள்ள வேண்டும். தோட்டா அடைத்த மகசின் கதிரரிவாள் மாதிரி வளைந்து, தலைக்கு மேலே நட்டுக்கொண்டு நிற்கும். விரலை வைத்து அழுத்தினால் அது தீருகிறவரை நிற்காது. அதற்கு இரண்டு பேர் வேண்டும். ஒருத்தன் சுட, இன்னொருத்தன் பக்கத்தில் படுத்து மகசினை மாற்ற. சுட்டுச் சுட்டுக் குழாய் பழுத்துப் போனால் அதையும் கழற்றி வேறு குழாய் போடுவது அந்த இரண்டாவது ஆள்தான். இவர்தான் அந்த இரண்டாவது ஆள். "நான் மகசின் மாட்டலேன்னா அது வெறும் இரும்பு" என்பார். சொல்லும்போது முகத்தில் அப்படி ஒரு பெருமை. சண்டையில் ஒரு வெடிகூட இவராகச் சுட்டதில்லை. மாற்றிக் கொடுத்தார், அவ்வளவுதான்.

"ரைபிள் கொழுந்து கிள்றது மாதிரி" என்று முடிப்பார். "பாத்து, இதுதான்னு முடிவு பண்ணி, கிள்ளணும். பிரென் கவ்வாத்து வெட்டுற மாதிரி. வரிசையா வெட்டிக்கிட்டே போகும். ரைபிளுக்கு ஆள் தெரியணும். பிரென்னுக்கு ஆள் தெரிய வேண்டாம்."

"எனக்கு ரெண்டும் வேணாம். வெறகு இல்ல, போயி வெட்டிட்டு வாங்க" என்பேன் நான். 'ம்' என்பார்.

இந்தப் பேச்சையெல்லாம் வாயைப் பிளந்துகொண்டு கேட்டவன் என் தம்பி. அம்மாவும் அப்பாவும் ஒரே மழைக்காலத்தில் காய்ச்சலில் போய்விட்டார்கள். எனக்கென்று மிச்சம் இருந்தது அவன் ஒருத்தன்தான். எங்கள் லயத்திலேயே கடைசி அறை, கடைசிக் காம்பரா, அவனுக்கு. அப்பா இருந்த காம்பரா. ஆக்கிப்போடுவது நான். பிரென் துப்பாக்கியைக் காட்டுகிறேன் என்று இவர் அவனைத் தரையில் படுக்க வைத்து, பக்கத்தில் தானும் படுத்துக்கொண்டு, என் இட்லித் தட்டை மகசின் என்று மாட்டுவார். இரண்டும் சேர்ந்து அடிக்கிற கூத்தைப் பார்த்தால் சிரிக்காமல் இருக்க முடியாது.

தம்பிக்கு இன்னொரு வித்தை தெரியும். தோட்டத்தை நடத்துகிற தொரையைப் போலவே பேசுவான்.

தோட்டத்தில் பேர் என்றால் அம்மா அப்பா வைத்த பேர் மட்டும் இல்லை. ஒரு நாள் வேலைக்கு ஒரு பேர். பிந்தி வந்தால், எடுத்த கொழுந்து இறாத்தல் கணக்கில் குறைந்தால், அரைப்பேர். வேலையை விட்டு நிறுத்தினால் பேர் வெட்டு. பேரை வெட்டிவிட்டால் வேலை மட்டும் போகாது. காம்பராவும் போகும், அரிசியும் போகும், பீலியில் தண்ணீர் பிடிக்கக்கூட எவனாவது ஏன் என்று கேட்பான். எங்கள் தொரை வெள்ளைக்காரர். புத்தகத்தைப் பார்த்துத் தமிழ் படித்தவர். அவருக்கு இந்த 'பேர்' வாயில் நுழையாது. 'பயர்' என்பார். "உன் பயர் என்னா?" "இன்னைக்கு உனக்கு அரைப் பயர்." எங்களுக்குள்ளும் அதுவே கேலிப் பேச்சாகிவிட்டது. சாயந்தரம் தம்பி வாசலில் வந்து நின்று, "அக்கா, நமக்கு இன்னைக்கு முழுப் பயரு" என்பான். நான் சோறு போடுவேன்.

ஒரு காலை, பெரட்டுக் களத்தில் ஆள் பிரித்துக்கொண்டிருந்தார்கள். காலையில் எல்லாரும் வரிசையில் நின்று, கூப்பிட்டதும் கையைத் தூக்கி 'இருக்கேனுங்க' என்று சொல்லி வேலைக்குப் பிரிந்து போவதுதான் பெரட்டு. தொரை முதுகைக் காட்டிக்கொண்டு வேலையை மேற்பார்க்கிற கண்டாக்கிடம் ஏதோ பேசிக்கொண்டிருந்தார். தம்பி வேட்டியை அரைக்கால்சட்டை மாதிரி இழுத்துக் கட்டிக்கொண்டு, ஒரு தேயிலைக் குச்சியை அக்குளில் இடுக்கி, "உன் பயர் என்னா" என்று நடந்து காட்டினான். பெண்கள் சிரித்துவிட்டோம். தொரை திரும்பினார். அவன் அக்குளில் இருந்த குச்சியைப் பார்த்தார். அப்புறம் சொன்னார்: "உன் பயர் வெட்டு."

அந்த நேரத்திலும் அந்தச் சொல்லைக் கேட்டதும் பாழாய்ப் போனவனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. குலுங்கிக் குலுங்கிச் சிரித்தான். அதற்கப்புறம் யார் போய்க் காலைப் பிடித்தாலும் தொரை இறங்கி வரவில்லை.

காம்பராவைக் காலி பண்ணு என்றார்கள். அவன் போகவில்லை. எங்கே போவான்? நல்ல அடைமழை நாளாகப் பார்த்து, காவல்காரர்களோடு வந்து கூரைத் தகரத்தைக் கழற்றிக்கொண்டு போனார்கள். அப்பா செத்த பாயின்மேல் மழை பெய்ததை நான் வாசலில் நின்று பார்த்தேன். கண்டாக்கு குடைபிடித்துக்கொண்டு நின்று தகரங்களைச் சரிபார்த்தார். அவருக்கு அன்றைக்கு ஒரு கேடும் வரவில்லை. நல்லவர்களுக்குத்தான் வரும்.

மறுநாள் மலைக்கு ஒருத்தரும் ஏறவில்லை. எல்லாரும் என் தம்பிமேல் உயிரை வைத்திருந்தார்கள் என்று நான் பொய் சொல்லமாட்டேன். இன்றைக்கு அவன் தகரம், நாளைக்கு நம் தகரம் என்ற பயம்தான். ஆனாலும் நின்றார்கள். தினம் காலையில் பெரட்டுக் களத்துக்கு வருவார்கள், வேலைக்குப் போகாமல் அங்கேயே உட்கார்ந்திருப்பார்கள். கேட்டது ஒன்றே ஒன்று: வெட்டின பேரைத் திரும்பப் போடு. கொழுந்து முற்றிக் கரடாகிக்கொண்டிருந்தது. தொரை ஆபீஸ் விறாந்தையில் வந்து நின்று பார்ப்பார், உள்ளே போவார். தம்பி தைரியமாகத்தான் இருந்தான். "தொரை பயரு குடுக்காம போக மாட்டாரு, பாருக்கா" என்பான்.

நாட்டில் அவசரகாலச் சட்டம் போட்டிருந்த வருஷம் அது. எதற்கெடுத்தாலும் பட்டாளம் வரும். எங்களுக்கும் வந்தது. ஒரு லொறி, ஒரு ஜீப். கொழுந்து நிறுக்கிற மடுவத்தின் சீமெந்துப் படியில் இரண்டு கால் உள்ள ஒரு துப்பாக்கியைக் கொண்டுவந்து, எங்களைப் பார்க்க ஊன்றினார்கள். ஒருத்தன் அதன் பின்னால் குந்திக்கொண்டான். அவனுக்கு இரண்டு பக்கமும் ரைபிள்காரர்கள் வரிசையாக நின்றார்கள்.

என்னைக் கட்டியவர் முகத்தைப் பார்க்க வேண்டுமே. காணாமல் போன மாட்டைக் கண்டவர் மாதிரி ஆகிவிட்டார். "பிரென் புள்ள, பிரென்" என்று என் முழங்கையை இடித்தார். கூட்டமோ நடுங்கிப் போனது. இத்தனை வருஷமாக அந்தத் துப்பாக்கியைப் பற்றி இவர் அளந்து வைத்திருந்ததெல்லாம் எல்லாருக்கும் மனப்பாடம். கவ்வாத்து வெட்டும், நிற்காது, ஆள் பார்க்காது. கைப்பிள்ளைக்காரிகள் பின்னால் நகர ஆரம்பித்தார்கள்.

அப்போதுதான் இவர் கண்ணைச் சுருக்கிக்கொண்டு பார்த்துவிட்டுச் சொன்னார். "மகசின் இல்ல. மேல வாய் மூடிக் கெடக்கு பாருங்க. பக்கத்துல ரெண்டாவது ஆளும் இல்ல. சும்மா பொம்மைக்கு வச்சிருக்கான். ஒருத்தரும் நகராதீங்க."

அது வாய்க்கு வாய் பின்வரிசைவரை போனது. நகர்ந்தவர்கள் திரும்பி வந்தார்கள். போன உயிர் வந்ததும் வாய்க்கொழுப்பும் கூடவே வந்துவிட்டது. என் பக்கத்தில் நின்ற ஒருத்தி, "ஏந்தம்பி, அதுக்குத்தான் ரெண்டு காலு இருக்கே, கூட்டியாந்த வழியே நடத்திக் கூட்டிட்டுப் போயிரு" என்றாள். பிரென்னுக்குப் பின்னால் இருந்தவனுக்குத் தமிழ் புரியவில்லை. எங்களுக்குச் சிரிப்புத் தாங்கவில்லை.

என் கண் மட்டும் இரண்டு பக்கமும் நின்றவர்கள்மேல் போனது. "அப்ப அந்த ரைபிளெல்லாம்?" என்று கேட்டேன்.

"கூட்டத்துக்கு எவன் ரைபிள எடுப்பான்? ரைபிளுக்கு ஆள் தெரியணும்னு எத்தன தடவ சொல்லியிருக்கேன். இங்க அவனுக்கு யாரத் தெரியும்?" என்றார். பிறகு தன் வலது பக்கம் நின்ற தம்பியின் தோளைத் தட்டி, "தைரியமா நில்லு மாப்ள" என்றார். நான் அவருக்கு இடது பக்கம் நின்றேன். மூன்று பேரும் முன்வரிசை. எங்கள் வீட்டு விஷயம் இல்லையா, நாங்கள்தானே முன்னால் நிற்க வேண்டும்.

கலைந்து போகச் சொல்லி இங்கிலீஷில் ஒரு தடவை, சிங்களத்தில் ஒரு தடவை சொன்னார்கள். சிங்களத்தில் சொன்னது எங்களுக்கும் புரிந்தது. புரியவில்லை என்று பிற்பாடு தொழிற்சங்கத்துக்காரர்கள் எழுதினார்கள், அது சும்மா. புரிந்துதான் நின்றோம். மகசின் இல்லையே, பின்னே என்ன?

தொரை விறாந்தையிலிருந்து இறங்கி மடுவத்துப் பக்கம் வந்தார். பட்டாளத்து அதிகாரியும் அவரும் எங்களுக்குப் பாதி முதுகைக் காட்டிக்கொண்டு பேசினார்கள். தொரை தலையை ஆட்டினார். "எறங்கி வர்றாரு மச்சான்" என்றான் தம்பி. எல்லாரும் தொரை வாயிலிருந்து என்ன வரப்போகிறது என்றுதான் காத்துக்கொண்டிருந்தோம்.

அந்தப் பக்கத்திலிருந்து ஒரு சத்தம் வந்தது.

"பயர்."

நானும் பேர் என்றுதான் நினைத்தேன். எல்லாரும் அப்படித்தான் நினைத்தார்கள். எங்கள் தோட்டத்தில் அந்தச் சொல்லுக்கு வேறு அர்த்தம் கிடையாது. தம்பியின் முகம் அப்படியே மலர்ந்துவிட்டது. வெட்டின பேர் வந்துவிட்டது. அவன் வரிசையைவிட்டு முன்னால் வந்து, பெரட்டில் நிற்கிற மாதிரி கையைத் தூக்கி, "இருக்கேனுங்க" என்றான்.

அத்தனை பேரிலும் அந்தச் சொல்லை இங்கிலீஷாகக் கேட்டவர் ஒருத்தர்தான். என்னைக் கட்டியவர். சத்தம் காதில் விழுந்ததும் அவர் தரையில் விழுந்துவிட்டார். விழுகிறபோதே என் கையைப் பிடித்து இழுத்தார். என் முகவாய் கல்லில் மோதி முன்பல் உடைந்தது. அந்த இடம் இன்னும் ஓட்டையாகத்தான் இருக்கிறது. அதனால் நான் கண்ணால் பார்க்கவில்லை. காதால்தான் கேட்டேன். ஒரே வெடி. அதற்கப்புறம், லயத்துப் பிள்ளைகளுக்கெல்லாம் தெரிந்த அந்தச் சத்தம். க்ளிக், க்ளக். வெற்றுத் தோட்டா சீமெந்தில் விழுந்து உருண்டது. இரண்டாவது வெடி வெடிக்கவே இல்லை.

நான் தலையைத் தூக்கியபோது தம்பி மண்டியிட்ட மாதிரி உட்கார்ந்திருந்தான். அப்புறம் சாய்ந்தான். கூட்டம் கத்திக்கொண்டு நாலா பக்கமும் ஓடியது. மடுவத்தில் எவனோ ஒருவன் ஓடிவந்து பிரென்னுக்குப் பக்கத்தில் படுத்து, பையிலிருந்து வளைந்த மகசினை எடுத்து மேலே மாட்டினான். என்னைக் கட்டியவர் மண்ணில் முகத்தை வைத்துக்கொண்டே, "இப்ப மாட்டிட்டான் பாரு" என்றார். என் தம்பி கிடக்கிறான், இந்த மனுஷனுக்கு அதுதான் கண்ணில் பட்டது. எழுந்து அவர் முகத்தில் அறைந்தேன். ஊர் பார்க்க அறைந்தேன்.

விசாரணை வைத்தார்கள். தலைக்கு மேலே ஒரு வெடி வைக்கத்தான் சொன்னேன் என்றார் அதிகாரி. கையை ஓங்கிக்கொண்டு ஒருவன் தன்னைப் பார்த்து வந்தான், பயந்து சுட்டுவிட்டேன் என்றான் ரைபிள்காரன். மீசைகூடச் சரியாக முளைக்காத பையன். தான் ஒன்றுமே பேசவில்லை என்றார் தொரை. அது உண்மைதான். அவர் பேசவில்லை. அவருடைய சொல் மட்டும்தான் வந்தது. அதை அந்த மேசைக்கு முன்னால் எடுத்துச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. பயர் என்றால் எங்களுக்குப் பேர் என்று சொன்னால் அவர்கள் சிரித்திருப்பார்கள்.

தோட்டத்து ஆள் செத்தால் பெட்டிக்குத் தோட்டத்திலிருந்து பலகை கொடுப்பார்கள். குழி வெட்டுகிறவர்களுக்கு அன்றைக்குப் பேர் உண்டு. கண்டாக்கு வாசலில் வந்து நின்று, செருப்பைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "பலகை தோட்டத்துப் பேரு உள்ளவங்களுக்குத்தானாம். இவன் பேரு வெட்டின ஆளு. தொரை முடியாதுங்கிறாரு."

தகரம் இல்லாத அந்தக் காம்பராவின் கதவைக் கழற்றித்தான் பெட்டி அடித்தோம். நாதாங்கி இருந்த ஓட்டை கால்மாட்டில் வந்தது. துணியைச் சுருட்டி நான்தான் அடைத்தேன்.

அதற்கப்புறம் என்னைக் கட்டியவருக்குத் தோட்டம் ஒரு பேர் வைத்தது. 'மகசின்'. "மகசின் வர்றாரு, வழி விடுங்க." "மகசின் சொன்னா சரியாத்தான் இருக்கும்." சோப்பு காயக் காயக் கதை கேட்டவர்கள்தான் சொன்னார்கள். பிள்ளைகள் அவர் பின்னாலேயே க்ளிக், க்ளக் என்று போட்டுக்கொண்டு வரும். அவர் பீலியடிக்குப் போவதை விட்டுவிட்டார். வீட்டிலும் நான் அவரை விடவில்லை. ஏன் விடவேண்டும்?

"ஒங்களுக்கு அது இங்கிலீஷுன்னு தெரிஞ்சிருக்கு. அவங்கிட்ட ஏன் சொல்லல?" என்று கேட்டேன்.

"சொல்ல எங்க நேரம் இருந்துச்சு புள்ள. கேட்டதும் ஒடம்பு அதுவா உழுந்துருச்சு."

"என்ன இழுக்க நேரம் இருந்துச்சுல்ல?"

அவர் தட்டில் சோற்றைப் பிசைந்தார்.

"ரெண்டு பக்கமும் ரெண்டு பேரு நின்னோம். ஒங்களுக்கும் ரெண்டு கை இருந்துச்சு. இழுத்ததுதான் இழுத்தீங்க, என்னய விட்டுட்டு அவன இழுத்திருக்கலாம்ல."

சோற்றில் கையை வைத்துக்கொண்டு அப்படியே இருந்தார். 'ம்' என்றுகூடச் சொல்லவில்லை. நான் தட்டை எடுத்துக் கழுவப் போய்விட்டேன்.

பட்டாளம் போகவில்லை, அரிசியும் தீர்ந்தது. எத்தனை நாளைக்குத்தான் நிற்பார்கள்? வேலைக்குப் போவது என்று சங்கத் தலைவர்கள் முடிவு செய்தார்கள். யாருடைய பேரையும் இனி வெட்டுவதில்லை என்று தொரை ஒத்துக்கொண்டார் என்று சொன்னார்கள். வெற்றி என்றும் சொன்னார்கள்.

முதல் நாள் பெரட்டு. விடிய விடியத் தூறிக் களமெல்லாம் சேறாகக் கிடந்தது. நாங்கள் எங்கள் பழைய இடத்தில் நின்றோம். நான் அவருக்கு இடது பக்கம். தம்பி நின்ற வலது பக்கத்தில் ஒரு ஆள் நிற்கிற அளவு இடம் சும்மா கிடந்தது. அவர் பக்கத்தில் நிற்க யாருக்கும் இஷ்டமில்லை. தொரை வந்தார். குச்சியை அக்குளில் இடுக்கிக்கொண்டு, நல்ல மனிதர் மாதிரி முகத்தை வைத்துக்கொண்டு, உரக்கச் சொன்னார்.

"போனது போச்சு. இன்னைக்கு எல்லாருக்கும் முழுப் பயர்."

பொத்தென்று ஒரு சத்தம். என்னைக் கட்டியவர் சேற்றில் குப்புற விழுந்து கிடந்தார்.

பின்னாலிருந்து ஒருத்தன், "மகசின் கழண்டு உழுந்துருச்சுடோய்" என்றான். களமே சிரித்தது. கண்டாக்கு சிரித்தார். தொரைக்குக்கூட மீசை துடித்தது. நானும் சிரித்தேன். தம்பி செத்த பிறகு நான் வாய்விட்டுச் சிரித்தது அன்றைக்குத்தான், நன்றாகவே சிரித்தேன். மனுஷன் படட்டும் என்றுதான் இருந்தது.

குனிந்து தூக்கப் போனபோதுதான் அவர் கையைப் பார்த்தேன். அன்றைக்கு என்னை இழுத்தது இடது கை. இன்றைக்கு அது உடம்புக்கு அடியில் மடங்கிக் கிடந்தது. வலது கை நீண்டு, ஆளில்லாத அந்த இடத்தில், சேற்றை ஒரு பிடி இறுக்கிப் பிடித்திருந்தது. இழுத்துக்கொண்டிருந்தது.

"எந்திரிங்க" என்றேன். "அது பேருதான்."

எழுந்திருக்க வெகுநேரம் ஆனது. அன்றைக்கு அவருக்கு அரைப்பேர்தான் போட்டார்கள்.